குயில் கூட்டில் ஒரு நிச்சயதார்த்தம்: 'கக்கோ நோ ஈனஸுகே' மாங்கா பற்றிச் சில குறிப்புகள்

ஜப்பானியக் காதல் நகைச்சுவை மாங்காக்களில் பெரும்பாலானவை ஒரே ஒரு வாக்கியத்தை நோக்கித்தான் ஓடும். "உன்னைப் பிடிச்சிருக்கு, என்னோடு பழகுவாயா" என்று நேருக்கு நேர் சொல்வது. கொகுஹாகு என்று அதற்குப் பெயரே உண்டு. அதைச் சொன்ன பிறகுதான் இருவரும் 'ஜோடி' என்று கணக்கு. அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லவிடாமல் நூறு அத்தியாயம், இருநூறு அத்தியாயம் தள்ளிக்கொண்டே போவதுதான் இந்த வகைக் கதைகளின் பிழைப்பு.

இதற்குள் ஒரு துணைவகை இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் படிக்கும் ஒரு பையனுக்கும் பெண்ணுக்கும் வீட்டில் ஏற்கனவே நிச்சயம் ஆகிவிட்டது, வகுப்பில் யாருக்கும் தெரியக்கூடாது. கடைசிப் பக்கத்தில் வரவேண்டிய திருமணத்தை முதல் பக்கத்திலேயே கொடுத்துவிடுகிறார்கள். அப்புறம் கதைக்கு என்ன மிச்சம்? மேலோட்டமாகப் பார்த்தால் கிச்சுகிச்சு மூட்டும் சங்கதிகள் மட்டும்தான். ஆனால் இந்த வகை நன்றாக எழுதப்படும்போது உள்ளே ஒரு கனமான கேள்வி இருக்கும். பெற்றோர் எடுத்த முடிவு எந்தக் கட்டத்தில் பிள்ளைகளின் சொந்த முடிவாக மாறுகிறது? மாறிவிட்டது என்பதை எதை வைத்துச் சொல்வது?

இந்தக் கேள்வியைச் சமீப காலத்தில் மிகக் கெட்டிக்காரத்தனமாக அமைத்த தொடர் மிகி யோஷிகாவாவின் 'கக்கோ நோ ஈனஸுகே'. ஆங்கிலத்தில் 'எ கப்பிள் ஆஃப் குக்கூஸ்'. 2020 ஜனவரியில் கோதான்ஷா நிறுவனத்தின் ஷோனென் மேகஸின் வார இதழில் தொடங்கி, இருபத்தைந்து தொகுதிகளைத் தாண்டிவிட்டது. 2022 ஏப்ரலில் அனிமே ஆகவும் வந்தது. கேள்வியை அமைத்த அளவுக்குப் பதிலைத் தேடியதா என்பதுதான் இந்தப் பதிவு. கதையின் அடிப்படைக் கட்டமைப்பைத் தாண்டி எதையும் இங்கே உடைக்கப் போவதில்லை, படிக்காதவர்கள் தைரியமாகத் தொடரலாம்.

கதை, சுருக்கமாக

நாகி உமினோ டோக்கியோவில் ஒரு நல்ல பள்ளியில் படிக்கும் 16 வயதுப் பையன். படிப்பு, படிப்பு, படிப்பு. ஆனாலும் வகுப்பில் எப்போதும் இரண்டாமிடம். முதலிடம் ஹிரோ செகாவா என்ற பெண்ணுக்கு. அவளைத்தான் அவனுக்குப் பிடிக்கும். ஒரு தடவையாவது அவளை முந்திவிட்டுத்தான் மனசைத் திறப்பேன் என்று இருக்கிறான். சாப்பாட்டுக் கடை நடத்தும் அவன் அப்பா அம்மா இளமையில் 'யாங்கி', அதாவது முரட்டுக் கும்பலாகத் திரிந்தவர்கள். பிரியமானவர்கள்தான். ஆனால் இவனைப் பெற்றவர்கள் அல்லர். பிறந்த ஆஸ்பத்திரியில் குழந்தை மாறிவிட்டது.

பெற்றவர்களை முதன்முதலாகச் சந்திக்கப் போகும் வழியில் ஒரு பெண் குதிக்கப் போவதாக நினைத்துக் காப்பாற்றப் பாய்கிறான். அவளோ இணையத்தில் போடுவதற்காகப் படம் பிடித்துக்கொண்டிருக்கிறாள். எரிகா அமானோ, ஏகப்பட்ட பேர் பின்தொடரும் இன்ஸ்டாகிராம் பிரபலம். வீட்டில் கல்யாணம் பேசுகிறார்கள், தப்பிக்க வேண்டும், என் காதலனாக நடி என்கிறாள். அன்று மாலை இரண்டு குடும்பமும் கூடும்போது விஷயம் உடைகிறது. நாகிக்குப் பதிலாக மாறிப்போன குழந்தை இவள்தான். அவள் தப்பிக்க நினைத்த மாப்பிள்ளை, தப்பிக்கத் துணைக்குப் பிடித்த அதே பையன்.

இரண்டு குடும்பமும் யோசித்து ஒரு முடிவுக்கு வந்திருக்கிறது. வளர்த்த பிள்ளையை விட முடியாது, பெற்ற பிள்ளையும் வேண்டும். இருவரையும் ஒருவருக்கொருவர் கட்டிவைத்துவிட்டால்? இரண்டு வீட்டுக்கும் இரண்டு பிள்ளைகளும் சொந்தம். சரி, அதற்கு முன்னால் பழகிப் பார்க்கட்டும் என்று இருவரையும் தனியாக ஒரு வீட்டில் குடிவைக்கிறார்கள். பள்ளியில் இது வெளியே தெரியக்கூடாத சமாசாரம்.

மென்பொருள் எழுதுகிறவர்களுக்கு முதல் வருடப் பாடம் ஒன்று ஞாபகம் வரும். இரண்டு மாறிகளின் மதிப்பை இடம் மாற்றணும்னா மூன்றாவதாக ஒரு தற்காலிக மாறி வேண்டும். இங்கே பெற்றோர்கள் இடம் மாற்றவே மாட்டேன் என்கிறார்கள். இரண்டு பெயரும் இரண்டு மதிப்பையும் சுட்டட்டும் என்கிறார்கள். சிரிக்கும்படியான தீர்வுதான். ஆனால் முட்டாள்தனமான தீர்வு இல்லை, அதைப் பிறகு பார்ப்போம்.

ஈனஸுகே என்ற சொல்

தலைப்பிலேயே ஒரு பழைய வாடை இருக்கிறது. திருமணம் நிச்சயமானவரைக் குறிக்க இன்றைய ஜப்பானிய மொழியில் புழங்கும் சொல் 'கொன்யாகுஷா'. இரண்டு பேர் பேசி முடிவெடுத்து மோதிரம் மாற்றிக்கொண்டால் அந்தச் சொல்தான் வரும். 'ஈனஸுகே' அப்படி இல்லை. சின்ன வயதிலேயே பெரியவர்கள் 'இவனுக்கு இவள்' என்று பேசி வைத்தது. தமிழில் ஒரே சொல்லில் கொண்டுவருவது கஷ்டம். முறைப்பெண், முறைமாப்பிள்ளை என்பதில் உறவுமுறை சேர்ந்துவிடுகிறது, ஈனஸுகேவில் உறவு இருக்கவேண்டிய அவசியம் இல்லை. 'பேசி வைத்தவள்' என்பது கிட்டத்தட்டச் சரி.

இந்தச் சொல்லுக்குப் பின்னால் ஒரு சட்ட வரலாறு இருக்கிறது. 1898ல் அமலான மெய்ஜி காலக் குடும்பச் சட்டப்படி ஆண் 30 வயதுக்குள், பெண் 25 வயதுக்குள் திருமணம் செய்யப் பெற்றோர் சம்மதம் வேண்டும். அதற்கும் மேலே குடும்பத் தலைவரின் அதிகாரம் தனி. போருக்குப் பிறகு 1947 மே மாதம் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டத்தின் 24ஆவது பிரிவு இதை அடியோடு மாற்றியது. திருமணத்துக்கு அடிப்படை அந்த இருவரின் சம்மதம் மட்டுமே என்றது. அந்தப் பிரிவுக்கு முதல் வரைவை எழுதியவர் பேயாட்டே சிரோட்டா, அப்போது வயது 22. வியன்னாவில் பிறந்து டோக்கியோவில் வளர்ந்தவர். கேட்காமலே கல்யாணம் செய்துவைக்கப்பட்ட ஜப்பானியப் பெண்களைச் சிறு வயதிலிருந்தே அறிந்தவர்.

ஆக, ஒரு மாங்காவில் ஒரு அப்பா "இவள்தான் உன் ஈனஸுகே" என்று அறிவித்தால் சட்டப்படி அந்த வாக்கியத்துக்கு மதிப்பு பூஜ்யம். பெரியவர்கள் பார்த்துச் சேர்த்துவைக்கும் ஒமியாய் திருமணங்களைக் காதல் திருமணங்கள் 1960களின் பிற்பகுதியில் முந்திவிட்டன. அப்புறம் இடைவெளி பெருகிக்கொண்டேதான் போயிற்று. ஈனஸுகே நிஜ வாழ்க்கையிலிருந்து ஏறக்குறைய மறைந்த பிறகுதான் மாங்காவில் இவ்வளவு சௌகரியமாகக் குடியேறியது என்று நினைக்கிறேன். நிஜத்தில் பயமுறுத்தாத ஒன்றை வைத்துத்தானே நிம்மதியாகச் சிரிக்க முடியும்?

இன்னொரு சுவாரசியமான தகவல். இந்தத் தொடர் தொடங்கியபோது ஜப்பானில் திருமண வயது ஆணுக்கு 18, பெண்ணுக்கு 16. வயது வராதவர் என்றால் பெற்றோர் சம்மதமும் தேவை. அதாவது சட்டப்படி எரிகா 16 வயதிலேயே மணப்பெண் ஆகலாம், நாகி ஆக முடியாது. 2022 ஏப்ரல் 1 முதல் இருபாலருக்கும் 18 ஆக்கினார்கள், வயது வருவதையும் 20லிருந்து 18க்குக் குறைத்தார்கள். அதே ஏப்ரலில்தான் அனிமே ஒளிபரப்பு தொடங்கியது. பள்ளி மாணவியே மனைவி என்ற பழைய நகைச்சுவை மரபு ஜப்பானில் உண்டு. 1970ல் 'ஒகுசாமா வா 18-சாய்' என்ற தொலைக்காட்சித் தொடரில் ஆசிரியரும் மாணவியும் ரகசியத் தம்பதிகள். பெண்ணுக்கு 16 என்றிருந்த அந்தச் சட்ட இடுக்குதான் அப்படிப்பட்ட கதைகளுக்கு வாசல். அந்த வாசல் இப்போது மூடப்பட்டுவிட்டது. இனி பள்ளிக்கூடக் கதையில் நிச்சயதார்த்தம் வரை போகலாம், திருமணம் பெரும்பாலும் பட்டமளிப்புக்குப் பிறகுதான். இந்த மாற்றம் ஈனஸுகே கதைகளுக்கு நல்லதே. பெற்றோரின் கையெழுத்து போதாது, நாளைக்கு நீங்களே கையெழுத்துப் போடவேண்டும் என்றாகிறது.

எந்தக் குயில்?

தலைப்பின் இன்னொரு பாதி 'கக்கோ'. கூவும் சத்தத்திலிருந்தே வந்த பெயர், ஆங்கிலக் 'குக்கூ' போலவே. இது இன்னொரு பறவையின் கூட்டில் முட்டையிட்டுவிட்டுப் போய்விடும். குஞ்சு சீக்கிரம் பொரிந்து, கண் திறக்கும் முன்பே, கூட்டில் இருக்கும் சொந்தக்கார முட்டைகளை முதுகில் ஏற்றி ஒவ்வொன்றாக வெளியே தள்ளிவிடும். இந்தக் கொடூரமான படிமத்தைத்தான் யோஷிகாவா கதையின் வாசலில் வைக்கிறார்.

ஆனால் கதையில் யார் யாரைத் தள்ளிவிட்டார்கள்? யாரும் இல்லை. இரண்டு கூட்டிலும் ஒவ்வொரு குஞ்சு மாறியிருக்கிறது, அவ்வளவுதான். இரண்டு கூடும் மாறிவந்த குஞ்சை ஆசையாகவே வளர்த்தன. நமக்குத் தெரிந்த குயில் காக்கைக் கூட்டில் முட்டையிடும். அதன் குஞ்சு பெரும்பாலும் காக்கைக் குஞ்சுகளைத் தள்ளிவிடுவதில்லை, கூடவே இருந்து இரைக்குப் போட்டியிடும். இந்தக் கதைக்குப் பொருத்தமான பறவை என்னைக் கேட்டால் அந்தக் குயில்தான். கூட்டை விட்டு யாரும் விழவில்லை. ஆனால் கொண்டுவரும் இரையில், அதாவது கவனத்திலும் பாசத்திலும், யாருக்கு எவ்வளவு என்ற கேள்வி தீராமல் கிடக்கிறது. கதையின் உண்மையான வலி அங்கேதான். ஆசிரியர் அதை எவ்வளவு தூரம் தொடுகிறார் என்பதில்தான் எனக்குக் குறை.

மருமகனும் மகனே

பெற்றோரின் தீர்வு முட்டாள்தனம் இல்லை என்று சொன்னேன் அல்லவா? ஜப்பானில் 'முகோயோஷி' என்று ஒரு வழக்கம் உண்டு. மகளைக் கட்டிக்கொடுத்து, மருமகனைச் சட்டப்படி மகனாகவே தத்தெடுத்துவிடுவது. அவன் மாமனாரின் குடும்பப் பெயரை ஏற்றுக்கொண்டு தொழிலையும் நடத்துவான். சுசுகி மோட்டார் நிறுவனத்தை நீண்ட காலம் நடத்திய ஒசாமு சுசுகி இப்படி வந்தவர்தான், பிறப்பில் அவர் மட்சுதா. திருமணத்தைக் கருவியாக வைத்துப் பிள்ளையைச் சம்பாதிப்பது அந்தச் சமூகத்துக்குப் புதிதே இல்லை. உமினோ, அமானோ குடும்பங்கள் செய்வது இந்தப் பழைய கருவியை இரண்டு பக்கமும் கூர்தீட்டியதுதான். அந்நியமான கிறுக்கு யோசனை என்று தோன்றுவது அங்கே ஒரு பாட்டிக்கு 'அட, நல்லாத்தானே இருக்கு' என்று படலாம். நகைச்சுவைக்கு இப்படி ஒரு அடித்தளம் இருந்தால்தான் அது நிற்கும்.

இதோடு ஒப்பிடவேண்டிய படம் ஹிரோகாசு கொரே-எடாவின் 'சொஷிதே சிசி நி நாரு'. 2013 கான் விழாவில் நடுவர் பரிசு பெற்றது. அதிலும் குழந்தைகள் மாறிவிட்டன. அதிலும் ஒரு வீடு வசதியானது, இன்னொரு வீட்டில் மின்சாதனக் கடை. பிள்ளைகளுக்கு ஆறு வயது. அங்கே பெரியவர்கள் முன்னால் இருக்கும் வழி, மாற்றிக்கொள்வதா வேண்டாமா என்பதுதான். மொத்தப் படமும் தகப்பன்மார் எதை விடுகிறார்கள் என்பதைப் பற்றியது. யோஷிகாவாவின் தொடரில் அப்பாக்கள் எதையும் விடவேண்டியதில்லை. விலையைப் பிள்ளைகள் கொடுப்பார்கள். நகைச்சுவைக் கதை என்பதால் நாம் இதைக் கவனிக்காமல் கடந்துவிடுகிறோம்.

நிஜத்தில் இதன் விலை என்ன? அதே 2013ல் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் ஒரு தீர்ப்பு சொன்னது. 1953ல் ஆஸ்பத்திரியில் மாறிப்போன ஒருவரின் வழக்கில் மொத்தம் 3 கோடியே 80 லட்சம் யென் இழப்பீடு. வசதியான வீட்டில் பிறந்தவர், ஏழ்மையில் வளர்ந்து, லாரி ஓட்டிப் பிழைத்தார். உண்மை தெரிந்தபோது அவரைப் பெற்ற இருவரும் உயிரோடு இல்லை. நாகியின் நிலை அவருடையதை விட நூறு மடங்கு பாக்கியம். பெற்றவர்களும் இருக்கிறார்கள், வளர்த்தவர்களும் இருக்கிறார்கள், எல்லோரும் அவனை விரும்புகிறார்கள். ஆனால் விரும்புவதற்கு ஒரு நிபந்தனை போட்டுவிட்டார்கள்.

ரகசியம் என்ன வேலை செய்கிறது?

இந்த வகைக் கதைகளில் ரகசியத்துக்கு வழக்கமாக ஒரே வேலை. மாட்டிக்கொள்ளாமல் ஓடுவது. ஒரே வீட்டிலிருந்து தனித்தனியாகக் கிளம்புவது, வகுப்பில் தெரியாதவர் போல நடிப்பது. இங்கேயும் அதெல்லாம் உண்டு, நன்றாகவே சிரிக்கவும் வைக்கிறது. ஒரு பக்கம் தன் வாழ்க்கையை முழுக்கப் படமெடுத்து ஆயிரக்கணக்கானவருக்குக் காட்டும் பெண். இன்னொரு பக்கம் அவள் காட்டவே கூடாத ஒரு வீடு, ஒரு பையன். கதை அவளை இணையப் பிரபலமாக வைத்ததற்கு நல்ல காரணம் இது. எல்லாவற்றையும் காட்டுகிறவளுக்கு முதல் தடவையாகக் காட்டமுடியாத ஒன்று கிடைக்கிறது. தனக்கே தனக்கென்று.

அதுதான் இந்தத் தொடரில் ரகசியத்தின் இரண்டாவது, மேலான வேலை. வெளியே தெரிந்தால் அது பெற்றோர் வைத்த பெயரோடு 'நிச்சயமானவர்கள்' ஆகிவிடும். தெரியாத வரை, அந்த நான்கு சுவருக்குள் அவர்கள் என்னவாக வேண்டுமானாலும் இருக்கலாம். சண்டைக்காரர்கள், வாடகை பகிர்ந்துகொள்ளும் நண்பர்கள், அண்ணன் தங்கை போல. வீட்டு வேலை பழகாத பணக்காரப் பெண்ணும் படிப்பைத் தவிர வேறு தெரியாத பையனும் ஒரு சமையலறையில் நின்று திணறுகிற ஆரம்ப அத்தியாயங்கள்தான் தொடரின் ஆகச் சிறந்த பகுதி. அங்கே காதல் வசனம் ஒன்றும் இல்லை. அடுத்தவருக்கு என்ன பிடிக்கும், எப்போது பசிக்கும், எப்போது தனியாக விடணும் என்று இருவரும் மெல்லக் கற்றுக்கொள்கிறார்கள். பெற்றோரின் முடிவு பிள்ளைகளின் முடிவாக மாறும் இடம் எது என்று கேட்டோமே, அது இதுதான். கொகுஹாகு அதற்குப் பிறகு வந்தாலும் சரி, வராவிட்டாலும் சரி.

ஹிரோவின் பாத்திரமும் இங்கேதான் கனம் பெறுகிறது. ஷின்டோ ஆலயக் குடும்பத்துப் பெண்ணான அவளுக்கும் வீட்டில் பேசி வைத்த ஒருவன் இருக்கிறான். ஆக இந்தக் கதையின் முக்கோணத்தில் மூன்று பேருமே பேசி வைக்கப்பட்டவர்கள். எரிகா தப்பித்து ஓடுகிறாள், நாகி எதிர்த்து வாதாடுகிறான், ஹிரோ சிரித்துக்கொண்டே ஏற்றுக்கொண்டவள் போல இருக்கிறாள். ஒரே அழுத்தத்துக்கு மூன்று விதமான எதிர்வினை. இது தற்செயலாக அமைவது இல்லை. வகுப்பில் முதலிடம் வாங்கும் பெண் தன் வாழ்க்கை விஷயத்தில் மட்டும் மறுபேச்சு பேசவில்லை என்பது ஒரு கூர்மையான கவனிப்பு.

எங்கே சறுக்குகிறது?

முதல் சறுக்கல் சாச்சி. நாகியோடு வளர்ந்த தங்கை. உண்மை வெளிவந்ததும் அவளுடைய உலகம்தான் அதிகமாக உடைகிறது. கூடப் பிறந்தவன் என்று நினைத்தவன் இரத்த உறவு இல்லை. இரத்த உறவான அக்காவோ நேற்று வரை தொலைபேசித் திரையில் மட்டும் பார்த்த பிரபலம். அண்ணனை ஒருத்தி கொண்டுபோகப் போகிறாள், அவளே தன் அக்கா. ஒரு பதின்வயதுப் பெண் இதை எப்படித் தாங்குவாள்? இதை மட்டும் வைத்தே ஒரு தொடர் எழுதலாம். யோஷிகாவா முதலில் தொடுகிறார், நன்றாகவே தொடுகிறார். அப்புறம் அவளையும் போட்டிக்காரிகளின் வரிசையில் நிறுத்திவிடுகிறார். இரத்த உறவு இல்லை என்றதும் 'அப்படின்னா காதலிக்கலாம்' என்று கணக்குப் போடுவது இந்த வகைமையின் பழைய கெட்ட பழக்கம். ஜப்பானியச் சட்டம் அதற்கு இடம் தரலாம், கதை தரவேண்டும் என்று கட்டாயம் இல்லை. குயில் குஞ்சின் இரைப் பங்கீட்டுப் பிரச்சினை, யாருக்கு மாலை என்ற பிரச்சினையாகச் சுருங்கிவிடுகிறது. ஒரு குடும்பத்தை இழந்த பெண், ஒரு பையனை ஜெயிக்கப் பார்க்கும் பெண்ணாகிறாள்.

இரண்டாவது, பெரியவர்களை யாரும் கணக்குக் கேட்பதில்லை. நான்கு பெற்றோரும் வேடிக்கையான மனிதர்கள். முன்னாள் முரடர்கள் ஒரு பக்கம், ஹோட்டல் அதிபரும் அவர் மனைவியும் இன்னொரு பக்கம். ஆனால் "எங்களைக் கேட்டீர்களா?" என்ற கேள்விக்கு அவர்கள் உட்கார்ந்து பதில் சொல்லும் காட்சிக்காக நான் தொகுதி தொகுதியாகக் காத்திருந்ததுதான் மிச்சம். வாதங்கள் உண்டு, கத்தல் உண்டு, முடிவில் எல்லாம் சிரிப்பில் கரைந்துவிடும். கொரே-எடா படத்தில் அப்பாதான் வளரவேண்டியவர். இங்கே அப்பாக்கள் வளரவேண்டிய அவசியமே வரவில்லை.

மூன்றாவது, வார இதழ் பொருளாதாரம். வாரம் சுமார் இருபது பக்கம், வாசகர் ஆதரவு இருக்கும் வரை முடிக்கக்கூடாது. கேள்விக்கு விடை சொன்னால் தொடர் முடிந்துவிடும். ஆகவே புதிய போட்டிக்காரி, புதிய சுற்றுலா, புதிய பரீட்சை. இது யோஷிகாவாவுக்கு மட்டும் நேர்ந்ததல்ல. ரூமிகோ தகஹாஷியின் 'ரன்மா ½' (1987-1996) இந்த வகைக்கெல்லாம் தாத்தா. அப்பாக்கள் இருவர் பேசி வைத்த ரன்மாவும் அகானேயும் 38 தொகுதிகள் சண்டை போட்டு, கடைசியில் ஒரு கல்யாணமும் ஏற்பாடாகி, அதுவும் அடிதடியில் கலைந்து, 'பார்ப்போம்' என்று முடிந்தது. ஆனால் தகஹாஷி எதையும் வாக்களிக்கவில்லை. ரன்மாவின் அப்பா ஒரு தள்ளுவண்டிக் கடைக்காக மகனை இன்னொரு பெண்ணுக்கும் பேசி வைத்த ஆசாமி. அந்த உலகத்தில் பெற்றோரின் வாக்கு எவ்வளவு கேலிக்குரியது என்பது முதலிலேயே முடிவான விஷயம். யோஷிகாவாவின் உலகத்தில் பெற்றோர் நல்லவர்கள். நல்லவர்கள் வைக்கும் நிபந்தனையைத்தான் மறுப்பது கஷ்டம். இந்தக் கஷ்டத்தை அவர் முதல் அத்தியாயத்திலேயே நம்மிடம் கொடுத்துவிட்டார், அதனால்தான் கூடுதலாக எதிர்பார்க்கிறோம்.

அவரால் முடியாது என்றும் சொல்ல முடியாது. இதற்கு முந்தைய 'யமதா-குன் தோ 7-நின் நோ மஜோ' (2012-2017) தொடரில் முத்தமிட்டால் உடல் மாறும். அதை 28 தொகுதிகளில் திருமணம் வரை கொண்டுபோய்ச் சேர்த்தார். அங்கே மாறியது உடல், இங்கே மாறியது வீடு. வேறொருவரின் இடத்தில் வாழ்ந்து பார்ப்பது என்பது அவருக்கு விருப்பமான விஷயம் என்று தெரிகிறது. நாகி எரிகாவின் வீட்டிலும் எரிகா நாகியின் வீட்டிலும் போய் நிற்கும் காட்சிகளில் அவர் கை தடுமாறுவதே இல்லை. எரிகா அந்தச் சின்னச் சாப்பாட்டுக் கடைக்குள் நுழையும்போது, தான் வளர்ந்திருக்கவேண்டிய வாழ்க்கையைப் பார்க்கிறாள். அந்த இடத்தில் எனக்கு நாகியும் ஹிரோவும் மறந்தேபோனார்கள்.

ஒரு படிவம்

இருவரின் குடும்பப் பெயரையும் எழுத்தில் பார்த்தால் ஒரு விஷயம் புரியும். உமினோ என்பதில் கடல் இருக்கிறது, அமானோ என்பதில் வானம். ஜப்பானியச் சட்டத்தின் 750ஆவது பிரிவுப்படி கணவனும் மனைவியும் ஒரே குடும்பப் பெயரைத்தான் வைத்துக்கொள்ளவேண்டும். சுமார் 95 சதவீதம் பெண்கள்தான் மாற்றிக்கொள்கிறார்கள். திருமணப் பதிவுப் படிவத்தில் யாருடைய பெயர் என்பதற்கு ஒரு கட்டம், அதில் குறி போடவேண்டும்.

நாகியும் எரிகாவும் அந்தப் படிவத்தை நிரப்பினால் என்ன ஆகும்? உமினோ என்று குறித்தால், எரிகாவுக்கு அவள் பிறந்த வீட்டுப் பெயர் கிடைக்கிறது. நாகி வளர்த்தவர்கள் பெயரிலேயே இருந்துவிடுகிறான். அமானோ என்று குறித்தால், நாகிக்குப் பிறந்த வீட்டுப் பெயர், எரிகாவுக்கு வளர்த்த வீட்டுப் பெயர். வளர்த்த பெயரை இழப்பவர் ஒருவர், பிறந்த பெயரைப் பெறுபவரும் அவரே. இரண்டு வீட்டுக்கும் இரண்டு பிள்ளைகள் என்ற பெற்றோரின் அழகான கணக்கு அந்தச் சின்னக் கட்டத்தில் இடிக்கிறது. ஒரு வீட்டின் பெயர் பதிவேட்டில் தொடராது. யார் விடுவது? இதைப் பெற்றோரால் முடிவு செய்ய முடியாது, 18 வயதான இருவர்தான் பேசி முடிவெடுக்கணும். 24ஆவது பிரிவு சொல்லும் சம்மதம் நடைமுறையில் இப்படித்தான் இருக்கும். 'உன்னைப் பிடிச்சிருக்கு' என்பதை விட இது கடினமான உரையாடல்.

படிக்கலாமா என்று கேட்பவர்களுக்கு: முதல் நான்கைந்து தொகுதிகளைக் கண்டிப்பாகப் படிக்கலாம். அந்த வீட்டு அத்தியாயங்களுக்காக, ஹிரோவின் சிரிப்புக்காக, அந்தச் சாப்பாட்டுக் கடைக்காக. அதன் பிறகு உங்கள் பொறுமையைப் பொறுத்தது. போட்டியில் எந்தப் பெண் ஜெயிப்பாள் என்று இணையத்தில் அணி பிரிந்து அடித்துக்கொள்கிறார்கள், எனக்கு அதில் அக்கறை இல்லை. யார் ஜெயித்தாலும் சரி, கதை முடிவதற்குள் அந்த நான்கு பெற்றோரையும் ஒரு மேசையில் உட்காரவைத்து, பிள்ளைகள் இருவரும் "நாங்க சொல்றதைக் கொஞ்சம் கேளுங்க" என்று ஆரம்பித்தால் போதும். அந்த ஒரு அத்தியாயம் வந்துவிட்டால் நடுவில் வந்த அத்தனை சுற்றுலாக்களையும் நான் மன்னித்துவிடுவேன்.